கீழே ஒரு ௸ நிற்கிறது

பேர் கூப்பிட்டதும் துள்ளி எழுந்துவிடக் கூடாது. மூன்றாம் தடவை கூப்பிடுகிற வரைக்கும் உட்கார்ந்திருப்பதும் தப்பு. இரண்டாவதற்கு எழுந்தால் சரியாக இருக்கும் என்று நெல்லைநாயகம் தீர்மானித்து வைத்திருந்தார். முதல் தடவைக்கே எழுந்தால் இதற்காகவே வந்து காத்துக் கிடந்த ஆள் மாதிரி இருக்கும். மூன்றாவதற்கு எழுந்தால் ஒளிந்து கிடந்த ஆள் மாதிரி இருக்கும். முன்சீப் கோர்ட்டு வராந்தாவின் கடைசி பெஞ்சில், சுவர் ஓரமாக, சட்டைப் பையில் சம்மனை நாலாக மடித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பத்தரைக்கு வந்தவர். இப்போது பதினொன்றே கால். உள்ளே மின்விசிறி சுற்றுகிற சத்தமும் யாரோ ஒரு வக்கீல் வாய்தா கேட்கிற சத்தமும் ஒன்றாய்க் கலந்து வந்தன. டவாலி வாசலுக்கு வந்து ஒரு பெயரை நீட்டி முழக்கும்போதெல்லாம், அது தன் பெயர் இல்லை என்று காதுக்குத் தெரிந்த பிறகும் வயிற்றுக்குத் தெரிய நேரம் பிடித்தது. ஒன்றுக்கு முட்டியது. கக்கூஸ் பூட்டிக் கிடந்தது. சாவி அமீனாவிடமாம், அமீனா ஜப்திக்குப் போயிருக்கிறாராம். முப்பத்தைந்து வருஷம் ரெவின்யூவில் இருந்து, துணைத் தாசில்தாராக ரிட்டயர் ஆன மனுஷன், கோர்ட்டு என்ற கட்டடத்துக்கு எத்தனையோ தடவை ரிஜிஸ்டரைத் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறார். அப்போதெல்லாம் ரிஜிஸ்டர்தான் சாட்சி, அவர் அதைச் சுமக்கிற கை. இன்றைக்கு ரிஜிஸ்டரை வேறு யாரோ கொண்டுவருகிறார்கள். அதோ, எதிர்ப் பெஞ்சில் தாலுகா ஆபீசிலிருந்து வந்திருக்கிற ஒரு பெண் குமாஸ்தா, சிவப்புத் துணி சுற்றிய கட்டை மடியில் வைத்துக்கொண்டு போனைத் தடவிக்கொண்டிருக்கிறாள். நாற்பது வருஷத்துக்கு முந்தின அவருடைய கையெழுத்து அந்த மடியில் இருக்கிறது. அவளுக்கு அது தெரியாது.

தெரியாமலே இருந்திருக்கலாம் எல்லாருக்கும். பக்கத்தின் அடியில் 'நெ.நா.' என்று சுருக்கொப்பம் போட்டிராவிட்டால் தெரிந்தே இருக்காது. ஏன் போட்டார்? அப்போது அவருக்கு இருபத்தேழு வயது. தன் எழுத்தின் மேல் ஒரு கர்வம். நில உடைமைப் பதிவேடுகளை மறுபடியும் முதலிலிருந்து எழுதின காலம் அது. ஊர்க் கணக்கு எழுதிவந்த கர்ணங்கள் எல்லாம் பதவி ஒழிந்து வீட்டுக்குப் போய்விட்டார்கள், ஒவ்வொரு ஊருக்கும் புதிய அ-பதிவேடு, ஒரு நாளைக்கு முன்னூறு வரி எழுதினால்தான் சாயங்காலம் ஆபீசை விட்டு வெளியே விடுவார்கள். முன்னூறு வரியில் முன்னூறு பெயர், முன்னூறு தகப்பன் பெயர். ஒரே ஆளுக்கு அடுத்தடுத்து நிலம் இருந்தால் பெயரைத் திரும்ப எழுத வேண்டியதில்லை. மேலே உள்ளவர்தான் கீழேயும் என்று காட்ட ஒரு குறி இருக்கிறது. ௸. மேற்படி. பத்திரம் எழுதுகிறவர்கள் அதன் உருவத்தைப் பார்த்து ஷை என்று வாசித்து, ஷையார், ஷை சொத்து என்று அதை ஒரு வார்த்தையாகவே ஆக்கிவிட்டார்கள். ஊர்க்காரர்கள் வாயிலும் அது ஷைதான். பேனாவை எடுக்காமல் ஒரே இழுப்பில் ௸ போடுகிற ஆள் அந்த ஆபீசிலேயே நெல்லைநாயகம் ஒருத்தர்தான். இளசுகள் வந்து நின்று வேடிக்கை பார்க்கும். நடுவிரலில் அந்தப் பேனா அழுத்தின காய்ப்பு இன்னும் இருக்கிறது. இப்போது கட்டைவிரலால் அதை நெருடிக்கொண்டே இருந்தார். கல் மாதிரி இருந்தது, உணர்ச்சி இல்லாமல். உடம்பில் பயப்படாத இடம் அது ஒன்றுதான் போல.

பதினேழாவது வரி, பதினெட்டாவது வரி, பதினொன்பதாவது வரி. பத்தொன்பது என்று சொல்ல வேண்டும். கூண்டில் ஏறிப் பதினொன்பது என்று சொன்னால் சிரிப்பார்கள். பதினேழு: சர்வே நம்பர் 214/2ஏ, கோயில்பிள்ளை. பதினெட்டு: காலி. சர்வேயர் இன்னும் 2பி-யை அளந்து முடிக்கவில்லை, ஒரு வரி விட்டுவிட்டு மேலே போ என்று சொன்னார்கள், விட்டார். பத்தொன்பது: 214/3, முப்பது ஏர்ஸ், பழைய கணக்கில் எழுபத்துநாலு சென்ட், ஒரு கிணறு. அதுவும் கோயில்பிள்ளையுடையதுதான். அதனால் ௸. ஒரே இழுப்பு. மூன்று வாரம் கழித்து ஒரு மத்தியானம், சாப்பாட்டு நேரம், கை கழுவிவிட்டு ஈரத்தோடு வந்து உட்கார்ந்தவரைத் தலைமைக் குமாஸ்தா வேதமுத்து கூப்பிட்டார். 2பி வந்துவிட்டது, எழுது, குமரேசன், ஒன்றரை சென்ட், வாய்க்கால் ஓரம். குமரேசன் பழைய கர்ணத்தின் மச்சினன். அந்த ஒன்றரை சென்ட் அவனுடையதுதான், அதில் ஒரு பொய்யும் இல்லை, சர்வேயர் அளந்து கல் போட்டது. காலி வரியில் குமரேசன் என்று எழுதினார். எழுதி முடித்து மையொற்றுத் தாளை அழுத்தும்போதுதான் கண் கீழே இறங்கியது. கோயில்பிள்ளை, குமரேசன், ௸. மேலே உள்ளவர்தான் கீழேயும். இப்போது மேலே இருப்பது குமரேசன். ஒன்றரை சென்ட்டை எழுதினதும் அதன் வாலைப் பிடித்துக்கொண்டு எழுபத்துநாலு சென்ட்டும் கிணறும் அவன் பேருக்குப் போய்விட்டன, யாரும் எதையும் அழிக்கவில்லை, திருத்தவில்லை. "சார், கீழ ஷை நிக்குது" என்று நெல்லைநாயகம் சொன்னார். சொன்னார். அதை அவர் சத்தியமாகச் சொன்னார். வேதமுத்து தலையைத் தூக்காமல் வெற்றிலையை மடித்துக்கொண்டே "அது நிக்கட்டும்வே" என்றார்.

அது நிக்கட்டும். இரண்டே வார்த்தை. அதற்கு என்ன அர்த்தம்? அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்று இருக்கலாம். குறுக்குப் பரிசோதனைக்கு வரும்போது திருத்திக்கொள்ளலாம் என்று இருக்கலாம். வேதமுத்து நல்ல மனுஷன்தான், வேதக்கோயிலுக்குப் போகாத ஞாயிறு கிடையாது, சாகும்போது கூட யாருக்கும் தொந்தரவில்லாமல் தூக்கத்தில் போனார். அவரிடம் போய் யாரும் இனிமேல் கேட்க முடியாது. குமரேசனும் போய்விட்டார். அன்றைக்கு அந்த அறையில் இருந்தவர்களில் மிச்சம் அந்தப் பக்கமும் அவரும்தான். நான் அந்த வரியைத் தொடவே இல்லை. இதைத்தான் நாற்பது வருஷமாக அவர் தனக்குச் சொல்லிவந்திருக்கிறார், குளிக்கும்போது, பஸ்ஸில், சவரம் பண்ணும்போது. நான் தொட்டது பதினெட்டு. அதில் தப்பில்லை. பத்தொன்பதை நான் தொடவில்லை. தொடாததற்கு ஒரு மனுஷனைப் பிடித்துக் கூண்டில் ஏற்றுவார்களா? ஏற்றுவார்கள். தொடாததற்குத்தான் ஏற்றுவார்கள். அன்றைக்கு அவருக்கு வேலை நிரந்தரமாகவில்லை, தகுதிகாண் பருவம் முடிய நாலு மாசம் இருந்தது, வேதமுத்து எழுதுகிற குறிப்பில்தான் எல்லாம் இருந்தது. அதையும் சொல்லலாம். சொன்னால் அடுத்த கேள்வி வரும்: சரி, நிரந்தரமான பிறகு? அதற்கு அடுத்த வருஷம்? அதற்கும் அடுத்த வருஷம்? பிறகு கம்ப்யூட்டர் வந்தது. பதிவேட்டைப் பார்த்து ஏற்றின பிள்ளைகளுக்கு அந்தக் குறி கீபோர்டில் எந்தக் கட்டையில் இருக்கிறதென்று தெரியவில்லை. ஷை இருந்த இடத்திலெல்லாம் மேலே இருந்த பெயரைப் பார்த்து முழுசாய் அடித்தார்கள். குறி போய் அங்கே குமரேசன் என்று முழுப் பெயர் வந்து உட்கார்ந்துவிட்டது. அந்த அச்சுத்தாளை அவர் ஒரு தரம் பார்த்தார். பார்த்ததும் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்துவிட்டு அடுத்த தாளுக்குப் போனார்.

கருப்பட்டியை யாரும் கேட்க மாட்டார்கள். அதைப் பற்றி எந்தக் காகிதத்திலும் இல்லை. அன்றைக்கு ஒரு வாரம் கழித்து குமரேசன் ஆபீசுக்கு வந்து எல்லார் மேசையிலும் ஓலைக்கொட்டானில் கருப்பட்டி வைத்துவிட்டுப் போனார்; எல்லார் மேசையிலும்தான், ஆனால் அவர் மேசையில் வைத்த கொட்டான் பெரிசு. மனைவி கோமதி அப்போது புதுப்பெண். ஒரு மாசம் அந்தக் கருப்பட்டியில்தான் காப்பி. நல்ல மணம். இன்றைக்குக் காலையில் பஸ் ஸ்டாண்டில் டீ குடிக்க ஒதுங்கினபோது, குமரேசன் மகன் தினகரன், வெள்ளைச் சட்டையும் கையில் கார்ச் சாவியுமாக, எங்கிருந்தோ வந்து பக்கத்தில் நின்றான். இந்த வழக்கில் அவன்தான் பிரதிவாதி. போன வருஷம் அந்த எழுபத்துநாலு சென்ட்டைச் சுற்றிக் கல்லுக்கால் நட்டு, மோட்டார் ரூமுக்குப் பூட்டுப் போட்டவன். "மாமா, டீ போதுமா, பன்னு ஏதும் சொல்லட்டா" என்றான். வேண்டாம் என்றார். "ஒடம்பு மெலிஞ்சுட்டியளே. அத்தைக்கு இன்னும் வாரத்துக்கு ரெண்டு வாட்டி ரத்தம் சுத்தி பண்ணுதாகளோ? பென்சன் காப்பீட்டு அட்டையிலதான?" ஆமா என்றார். "அதுக்குத்தான் சர்க்காரு உத்தியோகம் வேணும்ங்கது. மத்தவன்லாம் என்ன செய்வான், பாவம்" என்று கிளாசை வைத்துவிட்டு, போகிற போக்கில் திரும்பி, "எங்க அப்பா உங்களப் பத்தி அடிக்கடி சொல்லுவாரு மாமா. கருப்பட்டின்னா நம்ம நெல்லைநாயகத்துக்கு உசுருன்னு" என்றான். சிரித்துக்கொண்டேதான் சொன்னான். அப்பன் மகனிடம் கருப்பட்டியைச் சொல்லியிருக்கிறான் என்றால் மற்றதையும் சொல்லித்தானே இருப்பான். அப்படியென்றால் தெரிந்த ஆள் இன்னொருத்தன் உயிரோடு இருக்கிறான். இதை நினைத்தபோது, அசிங்கம்தான், ஒரு நொடி துணை கிடைத்த மாதிரி இருந்தது.

"சார், மோரு." கண்ணைத் திறந்தால் ஆவுடையம்மாள். கோயில்பிள்ளையின் மருமகள், வழக்குப் போட்டவள். அறுபதுக்கு மேல் இருக்கும், வெயிலில் கருத்த முகம், கையில் காகிதங்கள் திணித்த வயர்க் கூடை. எவர்சில்வர் தம்ளரை நீட்டிக்கொண்டு நின்றாள். வாங்கவில்லை என்றால் என்ன நினைப்பாள்? வாங்கினார். குடித்தால் இன்னும் முட்டும். குடித்தார். "உப்பு கூடிட்டோ?" "இல்லம்மா, சரியா இருக்கு." "நீங்க வரமாட்டியன்னு வக்கீலு சொன்னாவ. ரிட்டயர் ஆனவுக, சாட்டு சொல்லிருவாவன்னு. நான் சொன்னேன், எழுதின கை வந்து சொல்லாம ஆரு சொல்லுவாவன்னு. வந்துட்டிய." அவள் அப்படியே தரையில், தூணோடு சாய்ந்து உட்கார்ந்தாள். ஊரில் உட்காருகிற மாதிரி. எண்பத்துமூன்றில் கல்யாணமாகி வந்த மறுநாள் அந்தக் கிணற்றில்தான் முதல் குடம் தண்ணீர் எடுத்தாளாம். பத்திரம் கிடையாது, பூர்வீகம். பூர்வீகத்துக்கு யார் பத்திரம் எழுதினார்கள், மாமனாரின் தாத்தா காலத்திலிருந்து அவர்கள்தான் உழுதார்கள். "மூணு வருசமா நடக்கேன் சார். தாசில்தாரு, அதுக்கு மேல ஆர்டிஓ. ஒரே காயிதத்தத்தான் ரெண்டு பேரும் தாராக. இந்தா பாருங்க." பார்க்க வேண்டியதில்லை. அந்த வாக்கியம் அவருக்கு மனப்பாடம். 'பட்டாவில் உரிமை தொடர்பான பிரச்சினை இருப்பதால் மனுதாரர் உரிமையியல் நீதிமன்றத்தை அணுகித் தீர்வு பெற்றுக்கொள்ளுமாறு தெரிவிக்கலாகிறது.' அவரே எத்தனை பேருக்கு எழுதிக் கொடுத்திருக்கிறார். எழுதியதும் ஃபைலை மூடிக் கட்டின பிறகு வருகிற அந்த நிம்மதி, தலைவலி இறங்கின மாதிரி. அந்தக் காகிதத்தை மடித்துக்கொண்டு படியிறங்குகிற ஆள் எங்கே போய் எந்தத் தூணில் சாய்வான் என்று ஒரு நாளும் எட்டிப் பார்த்ததில்லை.

ஞாபகமில்லை. ஐந்து எழுத்தா, ஆறு எழுத்தா, எப்படியும் சின்ன வார்த்தை. காலையில் கோமதி கட்டிலில் படுத்தபடியே, ஊசி குத்திக் குத்தி வீங்கின கையைத் தலையணை மேல் வைத்துக்கொண்டு, "போயி மறந்துட்டேன்னு சொல்லிட்டு வந்துருங்க. உங்களுக்கு மறக்கிற வயசுதான" என்றாள். அவளுக்கு என்ன தெரியும், எவ்வளவு தெரியும் என்று இவர் கேட்டதில்லை. கூண்டில் வரப்போகிற கேள்விகளை மனசுக்குள் ஓட்டிப் பார்த்தார். ஷை போட்டது நீங்கதானா? ஆமாம், எழுத்து என்னுடையதுதான். பதினெட்டாவது வரியும் உங்கள் எழுத்தா? ஆமாம். அதை எழுதியது ஷைக்கு முன்னாலா, பின்னாலா? ஞாபகமில்லை. இங்கேதான் சிக்குகிறது. பின்னால் என்று சொன்னால் ஷை கோயில்பிள்ளையைக் காட்டும், நிலம் அந்த அம்மாவுக்குத் திரும்பும். கூடவே அடுத்த கேள்வி: தெரிந்தும் ஏன் திருத்தவில்லை? அதற்கு அடுத்தது குற்றப்பிரிவு. ரிட்டயர் ஆனவனுக்கும் குற்றச்சாட்டுக் குறிப்பாணை வரும், அவருக்குத் தெரிந்த ஒரு ஆளுக்கு எழுபது வயதில் வந்தது, பென்சனை நிறுத்தி வைத்தார்கள், அவர் பெஞ்சாதி பக்கத்து வீட்டில் போய் அரிசி வாங்கினாள். கோமதிக்கு அரிசி இல்லை பிரச்சினை. அந்த மிஷின். செவ்வாயும் வெள்ளியும் நாலு மணி நேரம் அந்த மிஷின் சுற்றாவிட்டால்? முன்னால் என்று சொன்னால் பொய். சத்தியம் வாங்கிக்கொண்டு சொல்லச் சொல்லுகிற பொய். ஞாபகமில்லை என்றால் பொய்யும் இல்லை, நிஜமும் இல்லை, ஒரு காலி வரி. விட்டுவிட்டு மேலே போய்விடலாம். காலி வரியில் பிற்பாடு யார் என்ன எழுதுவார்கள் என்பது வேறு. தம்ளரின் அடியில் ஒரு கறிவேப்பிலை ஒட்டிக்கொண்டிருந்தது. அதை விரலால் எடுத்துப் போட்டுவிட்டு, இந்த அம்மா நல்லவளாக இல்லாமல் இருந்தால் எவ்வளவு சௌகரியமாக இருந்திருக்கும் என்று நினைத்தார்.

"நெல்லைநாயகம்" என்றான் டவாலி. எழுந்துவிட்டார். முதல் தடவையே. கால் அவரைக் கேட்கவில்லை. உள்ளே வெளிச்சம் குறைவு, காகித வாடை, கூண்டின் கம்பி கையில் பிசுபிசுவென்று இருந்தது, எத்தனை பேர் பிடித்த கம்பி. நீதிபதி முப்பத்தைந்துக்குள் இருக்கிற பெண், நெற்றியில் சின்னதாய் விபூதி, சளி பிடித்த குரல். சத்தியப் பிரமாணம் சொல்லச் சொன்னார்கள், சொன்னார். குமாஸ்தாப் பெண் சிவப்புத் துணியை அவிழ்த்துப் பதிவேட்டை மேசைமேல் வைத்தாள். தலைகீழாகத் தெரிந்தாலும் அவருக்கு அடையாளம் தெரிந்தது. சொந்தப் பிள்ளையைக் கூட்டத்தில் தூரத்திலிருந்து அடையாளம் தெரிகிற மாதிரி. ஆவுடையம்மாளின் வக்கீல் இசக்கிராஜ் எழுந்து, "யுவர் ஆனர், ஒரே ஒரு கேள்விதான்" என்று ஆரம்பித்தார். அதற்குள் தினகரனின் வக்கீல் எழுந்து, இந்த வழக்கே இங்கே நிக்காதுன்னு நாங்க போட்ட மனு மேல உத்தரவு போடாம சாட்சி எதுக்கு என்றார். நீதிபதி தும்மலை அடக்கிக்கொண்டு, "பிராதுல என்ன பரிகாரம் கேட்டிருக்கீங்க, வாசிங்க" என்றார். இசக்கிராஜ் வாசித்தார்: பட்டாவிலும் பதிவேட்டிலும் உள்ள பெயரைத் திருத்தும்படி வட்டாட்சியருக்குக் கட்டளையிட வேண்டும். "நிலம் இவங்களோடதுன்னு விளம்பச் சொல்லிக் கேட்டிருக்கீங்களா?" இல்லை. "அதக் கேட்டிருந்தா இந்தச் சாட்சிய விசாரிச்சிருப்பேன். புஸ்தகத்துல எந்தப் பேரை எழுதணும்னு உத்தரவு போடுற அதிகாரத்தைச் சட்டம் எனக்குக் குடுக்கல. அது தாலுகா ஆபீஸ் வேலை." அவங்கதான் இங்க போன்னு எழுதிக் குடுத்திருக்காங்க, யுவர் ஆனர். "பாத்தேன். அவங்க அனுப்பிட்டாங்கங்கறதுக்காக எனக்கு இல்லாத அதிகாரம் வந்திடாது."

சொல்லிவிட்டு அவர் ஏனோ பதிவேட்டைத் தன் பக்கம் திருப்பினார். குனிந்தார். விரல் பதினேழில் நின்றது. இறங்கிப் பதினெட்டுக்கு வந்தது. அங்கே நின்றது. பதினேழும் பத்தொன்பதும் கறுப்பு மசி. பதினெட்டு நீலம், அன்றைக்கு ஆபீசில் வேறு புட்டி உடைத்திருந்தார்கள். நாற்பது வருஷத்தில் கறுப்பு பழுப்பாகியிருந்தது, நீலம் நீலமாகவே இருந்தது. இவ்வளவு அப்பட்டமாகத் தெரியும் என்று நெல்லைநாயகத்துக்குத் தெரியாது. விரல் பத்தொன்பதுக்கு இறங்கி அந்தக் குறியை ஒரு தரம் சுற்றியது. பிறகு நீதிபதி தலையைத் தூக்கி நேராக அவரைப் பார்த்தார். அவ்வளவுதான், தெரிந்துவிட்டது, அந்தக் கண்ணில் எல்லாம் இருந்தது, ஞாபகமில்லை என்ற வார்த்தையைத் தேடி வாயைத் திறந்தார், வந்தது வேறு. "அம்மா, அந்தப் பதினெட்டாவது வரிய நான்" என்றார். நீதிபதி கையை உயர்த்தினார். "கேக்காததுக்குப் பதில் சொல்லாதீங்க" என்றார். குரலில் கடுமை இல்லை. ஒரு நொடி கழித்து, மெதுவாக, "என்னால கேக்க முடியாது" என்றார். பதிவேட்டை மூடினார். தட்டச்சரின் பக்கம் திரும்பி, வழக்கு நிலைநிற்கத்தக்கதல்ல, வாதி உரிய வருவாய் அலுவலரை அணுகலாம் என்று சொல்லிக்கொண்டே போனார். நிற்காது. அங்கே ஒருத்தர் நிக்கட்டும் என்றார், இங்கே ஒருத்தர் நிற்காது என்கிறார். நெல்லைநாயகம் மட்டும் கூண்டில் நின்றுகொண்டிருந்தார். டவாலி வந்து தோளைத் தொட்டு, "இறங்குங்கய்யா, முடிஞ்சிட்டு" என்றான்.

முடிஞ்சிட்டு. வெளியே வந்தபோது வெயில் கண்ணில் அடித்தது. அமீனா வந்துவிட்டார் போலும், கக்கூஸ் திறந்திருந்தது. போய்விட்டு வந்தார். உடம்பு லேசாயிற்று. தினகரன் கார்க் கதவில் கையை வைத்துக்கொண்டு, "கருப்பட்டி சீசன் வருது மாமா. கொடுத்தனுப்புதேன்" என்றான். வண்டி போயிற்று. இனிமேல் யாரும் கேட்க மாட்டார்கள். கோர்ட்டே கேட்க முடியாது என்று சொல்லிவிட்டது. ஒன்றே காலுக்கு பஸ், வெள்ளிக்கிழமை கோமதிக்கு மிஷின், மாசம் பிறந்தால் பென்சன். இதைத்தானே மூன்று வாரமாகச் சாமியிடம் கேட்டார். அப்படியென்றால் இந்த நடுக்கம் எதற்கு? கேட்டுவிடுவார்களோ என்று இதுவரை பயந்தார். அந்தப் பயத்துக்கு ஒரு முடிவு இருந்தது, ஒரு தேதி இருந்தது, சம்மனில் போட்டிருந்தது. இது வேறே. யாரும் எந்த நாளும் கேட்கப் போவதில்லை, அவர் மட்டும் கோமதிக்குக் கால் பிடித்துவிட்டுக்கொண்டு, சவரம் பண்ணிக்கொண்டு, நான் தொடவில்லை, நான் தொடவில்லை என்று சொல்லிக்கொண்டே ஒரு நாள் வேதமுத்து மாதிரி யாருக்கும் தொந்தரவில்லாமல் தூக்கத்தில் போய்விடலாம். அந்தப் பக்கம் மட்டும் நீலமும் பழுப்புமாக மிச்சமிருக்கும். வேப்பமரத்தடியில் மனு எழுதுகிறவரின் மேசைக்குப் பக்கத்தில் ஆவுடையம்மாள் நின்றுகொண்டிருந்தாள். அழவில்லை. வயர்க் கூடையில் காகிதங்களை அடுக்கிக்கொண்டிருந்தாள், தாசில்தார் காகிதம் அடியில், கோர்ட்டுக் காகிதம் மேலே. இவரைப் பார்த்ததும், "பதினெட்டாவதுன்னு எதையோ சொல்ல வந்தியளே சார்" என்றாள். "ஜட்ஜம்மா கையக் காமிச்சிட்டாவ. நான் காமிக்க மாட்டேன். சொல்லுங்க."

மனு எழுதுகிறவர் சாப்பிடப் போயிருந்தார். நெல்லைநாயகம் அந்த ஸ்டூலில் உட்கார்ந்து, தாள்கட்டின் மேல் இருந்த கல்லை நகர்த்தி ஒரு வெள்ளைத் தாளை எடுத்து வைத்தார். "ஆருக்கு எழுதுதிய?" "டி.ஆர்.ஓ.வுக்கு. ஜில்லாவுக்கே ரெவின்யூ அதிகாரி, பதிவேட்டத் திருத்துத அதிகாரம் அவுக கையில இருக்கு." "எம் பேருலயா? ஆவுடையம்மாள்னு முழுசா எழுதுங்க, ஆவுடைன்னு எழுதி ஒரு வாட்டி திருப்பிட்டாவ." பயம் சட்டென்று ஒரு வழி காட்டியது: அவள் பேரில் எழுதலாம், விவரத்தை மட்டும் இவர் சொல்லலாம், 'அக்காலத்தில் எழுதிய அலுவலர்' என்று போட்டால் போதும், பெயர் வேண்டாம், படிக்கிறவனுக்குப் புரிந்துவிடும். புரியாது. அவளுடைய மனு எங்கே போகும் என்று அவருக்குத் தெரியாதா, அவரே கட்டின கட்டுகள்தானே. "உங்க பேருல எழுதினா தள்ளிருவாகம்மா. நான் இருந்தா நானும் தள்ளிருப்பேன்" என்றார். அவள் அவரைப் பார்த்தாள். கூடையைக் கீழே வைத்துவிட்டு, தாள் பறக்காமல் மேல் ஓரத்தை விரலால் அழுத்திப் பிடித்துக்கொண்டாள். அனுப்புநர் என்று எழுதி அடிக்கோடு போட்டார். எத்தனை ஆயிரம் மனுவில் இந்த வார்த்தையைத் தாண்டிக் கண்ணை ஓட்டியிருக்கிறார், அதற்குக் கீழே எப்போதும் வேறு யாராவது இருந்தார்கள். இது முதல் வரி. இதற்கு மேலே எந்தப் பெயரும் இல்லை. வேதமுத்து இல்லை, குமரேசன் இல்லை, இன்னாரைப் பார் என்று காட்ட ஒருத்தரும் இல்லை. முதல் வரியில் ஷை போட முடியாது. பேனா தாளுக்கு அரை அங்குலம் மேலே நின்றது. வராந்தாவில் டவாலி யாருடைய பெயரையோ கூப்பிட்டான். இரண்டாம் தடவை கூப்பிடுவதற்குள் அவர் 'நெ' என்று எழுதியிருந்தார்.